மேல்பாதி எழுதினால் போதும்

சமச்சீர்த் தாயம் என்பதற்கு வரைவிலக்கணம் ஒரே வரிதான். நிரைகளை நிரல்களாகத் திருப்பி எழுதினாலும் மாறாமல் இருக்கும் தாயம் சமச்சீர்த் தாயம். இதைக் கரும்பலகையில் எழுதிவிட்டுத் திரும்பிப் பார்த்தால் வகுப்பு முழுவதும் மிகுந்த மரியாதையோடு என்னைப் பார்த்துக்கொண்டிருக்கும். ஒருவருக்கும் ஒன்றும் விளங்கவில்லை என்பதற்கு அந்த மரியாதைதான் அடையாளம்.

பிறகு நான் தாளை எடுப்பேன். எண்களைச் சதுரமாக அடுக்கி வைத்தால் அது தாயம். கடல் தாண்டி இந்தியாவில் இதையே அணி என்பார்கள். குறுக்கே ஓடுவது நிரை, கீழே இறங்குவது நிரல். இடது மேல்மூலையிலிருந்து வலது கீழ்மூலைக்கு ஒரு கோடு போட்டால் அது மூலைவிட்டம். அந்தக் கோட்டில் தாளை மடித்தால் மேலே இருக்கும் எண்ணும் கீழே இருக்கும் எண்ணும் ஒன்றின் மேல் ஒன்று பொருந்த வேண்டும். பொருந்தினால் சமச்சீர். மூலைவிட்டத்தின் மேல் என்ன எண் இருக்கிறது என்பதைப் பற்றிச் சமச்சீருக்கு அக்கறையே இல்லை. பூச்சியமும் இருக்கலாம், ஆயிரமும் இருக்கலாம்.

உதாரணத்துக்கு ஊர்களுக்கிடையிலான தூரங்களைப் போடுவேன். ஊர்காவற்றுறையிலிருந்து காரைநகர் எவ்வளவு தூரமோ, காரைநகரிலிருந்து ஊர்காவற்றுறையும் அவ்வளவு தூரம். ஒரு தடவை முன்வரிசை வாங்கில் இருந்த பிள்ளை ஒருத்தி எழும்பி, "காத்து எதிர்த்தால் திரும்பி வாறதுதான் கூடத் தூரம், டீச்சர்" என்றாள். தகப்பன் வள்ளம் ஓட்டுபவர். எல்லோரும் சிரித்தார்கள், நானும் சிரித்தேன். காற்று பாடத்திட்டத்தில் இல்லை என்று சொல்லி அவளை இருத்தினேன்.

இந்தச் சொல்லால் என்ன பயன் என்று கேட்பவர்களுக்கும் என்னிடம் பதில் இருந்தது. சமச்சீர் என்று தெரிந்துவிட்டால் பாதி வேலை மிச்சம். மேல்பாதியை எழுதினால் போதும். கீழ்ப்பாதி தானாக வரும். சோக்குக்கட்டிக்கும் தட்டுப்பாடாக இருந்த காலம் அது. மேல்பாதியை மட்டும் எழுதிவிட்டு, கீழ்ப்பாதியைக் கையால் காற்றில் காட்டிவிட்டு, பெரிய கெட்டிக்காரி மாதிரி கையைத் தட்டிக்கொள்வேன். வகுப்பில் அது ஒருநாளும் பிழையாய்ப் போனதில்லை.

பிழையாய்ப் போனது எங்கள் வீட்டில்.

எங்கள் ஐயா தெற்கே ஒரு பட்டினத்தில் கடை வைத்திருந்தவர். எண்பத்துமூன்று ஆடிக் கலவரத்தில் கடை எரிந்தது. உடுத்த சாரத்தோடு கப்பலில் வந்து காங்கேசன்துறையில் இறங்கி, பஸ் பிடித்து எங்கள் ஊர் கரம்பொன்னுக்கு வந்து சேர்ந்தார். வந்தவர் முதலில் கேட்டது தண்ணீர். அடுத்ததாக என்னைப் பார்த்து, "உனக்கு இனி என்னத்தைக் குடுக்கிறது?" என்றார். கலியாண வயதில் பெண் இருக்கும் வீட்டில் தீ எங்கே எரிந்தாலும் சூடு அந்தப் பெண்ணில்தான் படும்.

வீடு இருந்தது. அம்மாவின் சீதனமாக வந்த வீடு, எனக்குச் சீதனமாகப் போகவேண்டிய வீடு. எங்கள் பக்கத்தில் வீடு பெண்ணுடையது. மாப்பிள்ளைதான் உடுப்புப் பெட்டியோடு வந்து குடியேறுகிறவர். ஆனால் ஓட்டு வீட்டை மட்டும் காட்டி மாப்பிள்ளையைக் கூப்பிட்டுவிட முடியாது. வீட்டோடு காசும் நகையும் கேட்பார்கள்; அவை கடையோடு போய்விட்டன. அண்ணனுக்கும் வேலை இருந்ததே தவிர, அவனைக் காட்டிச் சீதனம் வாங்கி அதை எனக்குத் திருப்பிக் கொடுக்கும் அளவுக்குப் பெரிய வேலை இல்லை.

எண்பத்தைந்தின் தொடக்கத்தில் தரகர் ஒருவர் குடையும் சாதகக் கட்டுமாக வந்தார். நயினாதீவில் ஒரு வீடு. தகப்பன் இல்லை, தாய், ஒரு பெடியன், ஒரு பெட்டை. பெடியனுக்கு யாழ்ப்பாணத்தில் அரசாங்க உத்தியோகம்.

"இது மாத்துச் சம்மந்தம், ஐயா," என்றார் தரகர். "உங்கடை பெடியன் அங்கை போறான். அவையின்ரை பெடியன் இஞ்சை வாறான். குடுக்கிறதும் இல்லை, வாங்கிறதும் இல்லை."

ஐயாவின் முகத்தில் கடை எரிந்ததற்குப் பிறகு முதல் தடவையாக வியாபாரிக் களை வந்தது. அறைக்குள் இருந்து கேட்டுக்கொண்டிருந்த நான் என்ன செய்தேன் என்றால், கலண்டரில் கிழித்த தாளின் பின்பக்கத்தில் ஒரு தாயம் எழுதினேன். முதல் நிரை எங்கள் வீடு, இரண்டாவது நிரை அவர்கள் வீடு. நிரல்களும் அப்படியே. நிரையில் இருக்கும் வீட்டிலிருந்து நிரலில் இருக்கும் வீட்டுக்கு மகன் போனால் ஒன்று, இல்லாவிட்டால் பூச்சியம். மூலைவிட்டத்தில் இரண்டு பூச்சியம், மற்ற இரண்டு மூலையிலும் ஒன்று. மடித்தேன். அச்சாகப் பொருந்தியது. என் கலியாணம் இவ்வளவு அழகாக இருக்கும் என்று நான் நினைத்ததே இல்லை.

அண்ணன் பின்னால் வந்து எட்டிப் பார்த்தான்.

"என்னடி உது?"

"உன்ரை கலியாணம்."

"நான் எங்கை?"

"மேலை வலப்பக்கம் இருக்கிற ஒண்டு."

"மாப்பிள்ளை?"

"கீழை இடப்பக்கம்."

"அப்ப நீ எங்கை?"

பார்த்தேன். நான் எங்கும் இல்லை. நயினாதீவுப் பெட்டையும் இல்லை. நாங்கள் இரண்டு பேரும் எண்களே அல்ல. மகன்மார் போய்ச் சேரும் வீடுகள், நிரலின் தலைப்புகள். கணிதத்தில் பட்டம் பெற்றவளுக்கு இதை அண்ணன் சொல்லித்தான் தெரியவேண்டியிருந்தது. தாளைச் சுருட்டி எறிந்துவிட்டு அவனைக் குசினிக்குத் துரத்தினேன்.

மாற்றுச் சம்பந்தம் என்றால் இரண்டு கலியாணத்தையும் ஒரே நாளில், இல்லாவிட்டால் அடுத்தடுத்த நாளில் முடித்துவிடுவதுதான் புத்தி. அம்மாவும் அதைத்தான் சொன்னார். ஆனால் சாதகங்களுக்குப் புத்தி கிடையாது. அண்ணனுக்கு வைகாசியை விட்டால் அடுத்த இரண்டு வருடத்துக்கு நாள் இல்லை. மாப்பிள்ளைக்கு ஆடி முடியும்வரை கூடாத காலம். ஆகவே அண்ணனுக்கு வைகாசி, எனக்கு ஆவணி என்று முடிவாயிற்று. எதற்கும் என்னுடைய கலியாண எழுத்தையாவது முன்கூட்டியே பதிந்து வைக்கலாம் என்று தரகர் மெல்லச் சொன்னார். ஐயாவுக்குக் கோபம் வந்துவிட்டது.

"நான் வாய்ச்சொல்லிலை யாவாரம் செய்த ஆள். ஒரு பாதி முடிஞ்சால் மற்றப் பாதி எங்கை போறது? அது தானா வரும்."

ஐயா தாயம் படித்தவர் அல்ல. இருந்தும் என்னுடைய பாடத்தை என்னைவிட நன்றாக நம்பினார்.

அண்ணனின் கலியாணம் நயினாதீவில் நன்றாக நடந்தது. நாலாம் சடங்குக்குப் போய்விட்டு நாங்கள் திரும்பும்போது மாப்பிள்ளை இறங்குதுறைவரை வழியனுப்ப வந்தார். எங்கள் ஆட்கள் எல்லோருக்கும் திடீரென்று கடல் பார்க்கிற ஆசை வந்து, எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு வரிசையாக நின்றார்கள்.

"நீர் கணக்குப் படிப்பிக்கிறனீராம்," என்றார் அவர். "எனக்குக் கணக்கு ஓடாது. வள்ளம் வாறதுக்கிடையிலை ஏதும் ஒண்டு சொல்லித் தாரும் பாப்பம்."

கலியாணம் பேசிய பெண்ணிடம் எத்தனையோ கேட்கலாம். அவர் இதைக் கேட்டார். குடை நுனியால் மணலில் அதே தாயத்தைக் கீறிக் காட்டினேன். மடித்தால் பொருந்தும் என்றேன். அவர் குந்தியிருந்து பார்த்தார்.

"உந்த ரெண்டு பூச்சியமும் என்ன?"

"வீட்டிலையே நிக்கிற பெடியன்மார். உங்கடை வீட்டிலையும் மிச்சமில்லை, எங்கடை வீட்டிலையும் மிச்சமில்லை."

"ஒரு பெடியன் ரெண்டு வீட்டுக்கும் போகாட்டி?"

"அதுக்கு இதிலை இடமில்லை."

"அப்ப மூண்டாவது வீடு ஒண்டு போடோணும்," என்று சொல்லிச் சிரித்தார்.

நல்ல பகிடிக்காரர் என்று நினைத்தேன். எனக்கு அவரைப் பிடித்துப்போயிற்று. இதை வளைத்துச் சொல்ல ஒன்றும் இல்லை, பிடித்துப்போயிற்று. வள்ளத்தில் ஏறிய பிறகும் அவர் மணலைப் பார்த்துக்கொண்டு நின்றது தெரிந்தது. குறிகட்டுவான் துறை வரும்வரை அலை அடித்ததோ இல்லையோ எனக்குத் தெரியாது.

மூன்றாவது வீடு ஜேர்மனியில் இருந்தது. ஆனி மாதத்தில் யாழ்ப்பாணத்தில் இராணுவத்தின் ஒரு சுற்றிவளைப்பில் மாப்பிள்ளையையும் பிடித்துக்கொண்டுபோய், நாலைந்து நாளில் விட்டார்கள். விட்ட கையோடு தாய் நகையை விற்று ஏஜென்சிக்காரனைப் பிடித்துவிட்டார். ஆவணி வந்தபோது மாப்பிள்ளை கிழக்கு பெர்லினில் ஏதோ ஒரு ரயிலில் இருந்தார். நான் அவரைப் பிழை சொல்லமாட்டேன். உயிர் தப்பப் போகிற ஆளைச் சடங்கு முடித்துவிட்டுப் போ என்று யாரும் மறிக்க முடியாது. எங்கள் வீட்டிலும் ஒருவரும் கவலைப்படவில்லை. மாறாக, என் விலை ஏறிவிட்டது. ஊரில் என்னைக் கண்டவர்களெல்லாம் "எப்ப கூப்பிடுறாராம்?" என்று கேட்டார்கள். ஜேர்மனிக் குளிருக்கு ஏற்ற கம்பளிச்சட்டை பற்றி ஜேர்மனியைக் கண்டிராத பலர் எனக்குப் புத்தி சொன்னார்கள்.

அவர் தாய்க்குக் கசெற்றில் பேசி அனுப்புவார். அண்ணன் அதை எங்கள் வீட்டுக்கும் கொண்டுவந்து போட்டுக்காட்டுவான். குளிர், வேலை, சாப்பாடு எல்லாம் சொல்லி, கடைசியில் "எல்லாரையும் கேட்டதாச் சொல்லுங்கோ" என்று முடிப்பார். அந்த எல்லாரிலும் நான் அடக்கமா என்பதை ஆராய்ந்துகொண்டு படுத்திருப்பேன். அடக்கம் என்றால் ஏன் தனியாகச் சொல்லவில்லை? தனியாகச் சொல்ல வெட்கமாக இருக்கலாம். வெட்கப்படுகிறார் என்றால் நினைக்கிறார். இப்படி ஒன்றிலிருந்து ஒன்றை நிறுவி, நிறுவலுக்குக் கீழே மனதுக்குள் ஒரு கோடும் போட்டுவிட்டு நித்திரை கொள்வேன்.

இதற்கிடையில் இரண்டு சம்பந்தி வீட்டுக்கும் நடுவில் ஒரு பனையோலைப் பெட்டி போய்வந்துகொண்டிருந்தது. மூடியுள்ள, நல்ல இறுக்கமான பெட்டி. அம்மா அதில் முருங்கைக்காயும், பனம்பழக் களியைக் காயவைத்த பனாட்டும் வைத்து, நயினாதீவுக்குப் போகிற யாரிடமாவது கொடுத்துவிடுவார். அங்கிருந்து இரண்டு கருவாடும் கோயில் பிரசாதமுமாகத் திரும்பி வரும். வந்த பெட்டியை வெறுமையாகத் திருப்பி அனுப்புவது எங்கள் பக்கத்தில் இல்லை. வெறும் பெட்டி அனுப்பினால் உறவு வேண்டாம் என்று அர்த்தம். எவ்வளவு போகிறதோ ஏறத்தாழ அவ்வளவு திரும்பி வரும். தராசு வைக்காமலே இரண்டு குசினிகளுக்கும் அந்த அளவு தெரிந்திருந்தது. இதைவிட நல்ல சமச்சீரை நான் எந்தப் புத்தகத்திலும் கண்டதில்லை.

மூன்றாவது வருடம் ஒருநாள் பெட்டி வந்தது. கொண்டுவந்த மனிசர் இரண்டு கையாலும் தூக்கிக்கொண்டு வந்தார். மூடி பூட்டாமல் மேலே எழும்பி நின்றது. சுற்றிக் கயிறு கட்டியிருந்தது. அம்மா கயிற்றை அவிழ்த்தார். பெரிய பாரைக் கருவாடு, செத்தல் மிளகாய், ஒரு போத்தல் நல்லெண்ணெய், பயற்றம் பணியாரம், வெளிநாட்டுச் சவர்க்காரம். நான் சவர்க்காரத்தை எடுத்து மணந்து பார்த்தேன். அம்மா அப்படியே குசினி வாசலில் இருந்துவிட்டார்.

"என்னம்மா?"

"மூடி பூட்டேல்லை, பிள்ளை. இவ்வளவத்தை ஏன் அனுப்பினவை? அங்கை என்னவோ நடந்திட்டுது."

நான் சிரித்தேன். அனுப்பாவிட்டாலும் குற்றம், அனுப்பினாலும் குற்றமோ என்றேன். அம்மா சிரிக்கவில்லை. அடுத்த நாள் அண்ணன் வந்தான். ஐயா ஊர்காவற்றுறைக்குப் போயிருந்த நேரம் பார்த்து வந்து, படலைக்கு உள்ளே வராமல் நின்றபடி சொன்னான். ஜேர்மனியில் அவருக்கு இருக்க இடமும் வேலையும் எடுத்துக் கொடுத்த குடும்பத்தில் ஒரு பெண் இருந்தாளாம். கலியாணம் முடிந்து ஒரு மாதமாகிவிட்டதாம். சொல்லிவிட்டு என் முகத்தைப் பார்க்காமல் அடுத்த பஸ்ஸுக்கே போய்விட்டான்.

எனக்கு முதலில் வந்தது கோபம்தான். அவரில் அல்ல, அந்தச் சவர்க்காரத்தில். நான் அதை மணந்து பார்த்திருக்கிறேன், நல்ல வாசம் என்றும் சொல்லியிருக்கிறேன். அதை எடுத்துக் கிணற்றடியில் எறிந்துவிட்டு, அங்கேயே இருந்து சத்தம் போட்டு அழுதேன்.

ஐயா வந்து விஷயம் அறிந்ததும் சத்தம் போடவில்லை. அதுதான் பயமாக இருந்தது.

"அவனை உடுப்புப் பெட்டியோடை திரும்பி வரச்சொல்லு," என்றார். அவன் என்றது அண்ணனை. "அவையின்ரை பெட்டையும் வாழாவெட்டியா இருக்கட்டும். அப்பத்தான் சரிக்குச் சரி."

"குழந்தை ஒண்டு இருக்கல்லோ?" என்றார் அம்மா.

"இருக்கட்டும்."

அண்ணனுக்கு நடக்கப் பழகும் பெண்குழந்தை ஒன்று இருந்தது. ஆனால் ஊர் முழுவதும் ஐயாவின் பக்கம் நின்றது. எனக்கு ஆறுதல் சொல்ல வந்தவர்கள் எல்லோரும் அண்ணனை எப்போது கூப்பிடப் போகிறோம் என்று கேட்டார்கள். மாற்றுச் சம்பந்தத்தில் ஒன்று முறிந்தால் மற்றதும் முறிய வேண்டும், அதுதான் முறை. எனக்காக இவ்வளவு பேர் கோபப்பட்டதில் ஒரு சுகம்கூட இருந்தது, பொய் சொல்வானேன். சில நாட்கள் நானும் அதை விரும்பினேன். அவளும் என்னை மாதிரி இருக்கட்டும் என்று நினைத்தேன்.

ஐயாவின் யோசனையையும் தாயமாக எழுதிப் பார்த்தேன், பழக்கதோஷம். எங்களிடமிருந்து அவர்களுக்குப் பூச்சியம். அவர்களிடமிருந்து எங்களுக்குப் பூச்சியம். மடித்தால் அழகாகப் பொருந்தியது. நான்கு இடத்திலும் பூச்சியத்தைப் போட்டாலும் அது சமச்சீர்த் தாயம்தான். நானே வகுப்பில் சொல்லிக் கொடுத்திருக்கிறேன். அண்ணனின் மனைவியான மச்சாளும் குழந்தையும் அதில் எங்கே என்று தேடினால், வழக்கம்போல எங்கும் இல்லை.

அந்த வாரம் வகுப்பில் அதே பாடம் வந்தது. மேல்பாதி எழுதினால் போதும் என்ற வசனத்தை விழுங்கிவிட்டு, முழுத் தாயத்தையும் கரும்பலகையில் எழுதினேன். காற்றுப் பிள்ளையின் தங்கச்சி இப்போது அதே வாங்கில் இருந்தாள். குடும்பமே கேள்வி கேட்கிற குடும்பம்.

"டீச்சர், மடிச்சால் பொருந்தாத தாயத்துக்கு என்ன பேர்?"

யோசித்தேன். எதிர்ச் சமச்சீர் என்று ஒன்று உண்டு. ஆனால் அதிலும் ஓர் ஒழுங்கு இருக்கிறது, மேலே இருப்பதன் எதிர் எண் கீழே வரும். வெறுமனே பொருந்தாமல் இருப்பதற்கு?

"அதுக்குப் பேர் இல்லை, பிள்ளை. அது சும்மா தாயம்."

"அப்ப எண்ணிக்கையிலை கனக்க இருக்கிறது அதுதானே?"

"ஓம்," என்றேன். "அதுதான் கனக்க இருக்கிறது." அன்று பின்நேரம் ஐயாவிடம் போய், நயினாதீவுக்கு நானே போகிறேன் என்றேன்.

ஐயாவுக்குத் திருப்தி. குற்றப்பட்ட வீட்டில் என்னை எதிர்த்துப் பேச ஒருவருக்கும் வாய் வராது; நான் கேட்டால் அண்ணன் எழும்பி வரவேண்டியதுதான். புறப்படும்போது பனையோலைப் பெட்டியை என் கையில் தந்தார். அம்மா எதையோ வைக்கப் போனார், ஐயா மறித்துவிட்டார்.

"வெறும் பெட்டியாக் குடு. விளங்கிக்கொள்ளுவினம்."

வேலணையில் இறங்கிக் குறிகட்டுவான் பஸ்ஸுக்கு நின்றேன். பெட்டிக்குப் பாரமே இல்லை, காற்றுக்கு ஆடியது. பக்கத்தில் நின்ற மனிசி பெட்டியையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தாள். கடையில் ஒரு சீப்பு கதலி வாழைப்பழம் வாங்கி உள்ளே வைத்தேன். நான் அப்போதே முடிவெடுத்துவிட்டேன் என்று சொல்லமாட்டேன். நாலுபேர் பார்க்க வெறும் பெட்டியைத் தூக்கிக்கொண்டு கடல் தாண்ட எனக்கு வெட்கமாக இருந்தது, அவ்வளவுதான்.

நயினாதீவில் அந்த வீட்டுப் படலையைத் திறந்தபோது எல்லோருக்கும் நான் ஏன் வந்திருக்கிறேன் என்று தெரிந்திருந்தது. மாமி குசினியை விட்டு வெளியே வரவில்லை. அண்ணன் தூணோடு தூணாக நின்றான். மச்சாள் கதிரையை இழுத்துப் போட்டுவிட்டு, குழந்தையை இடுப்பில் வைத்தபடி என் முன்னால் வந்து நின்றாள். என்னைவிட வயது குறைந்தவள். கண் வீங்கியிருந்தது.

"மச்சாள், நீங்கள் கேட்டால் நான் விடுறன்," என்றாள். "வேறை ஆர் கேட்டாலும் விடமாட்டன். உங்களுக்கு மட்டும்தான் கேக்கிற உரிமை இருக்கு."

குழந்தை என் கையிலிருந்த பெட்டிக்கு எட்டிப் பிடித்தது. அதற்குத் தாய்மாமன் சாடை; அதே மூக்கு. அந்த மூக்கைப் பார்த்துக்கொண்டே பெட்டியை நீட்டினேன். மச்சாள் வாங்கினாள். பாரம் தெரிந்ததும் மூடியைத் திறந்து பார்த்தாள். வாழைப்பழத்தைக் கண்டதும் ஒன்றைப் பிய்த்துக் குழந்தையின் கையில் கொடுத்தாள்.

"பசிக்குது," என்றேன். "சாப்பாடு போடும்."

உறவு முறிக்க வந்தவர் அந்த வீட்டில் பச்சைத் தண்ணீரும் குடிப்பதில்லை. இது எல்லோருக்கும் தெரியும். ஆகவே தூணோடு நின்ற அண்ணன் அப்படியே நிலத்தில் குந்தி, முகத்தைப் பொத்திக்கொண்டு அழத் தொடங்கினான்.

"அழுகையை நிப்பாட்டு," என்றேன். "இஞ்சை அழவேண்டிய ஆள் நான்."

சோறும் மீன்குழம்பும் சொதியும் வந்தன. மாமி அப்போதுதான் வெளியே வந்தார். சேலைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டு, "பிள்ளை, என்ரை மோன் செய்ததுக்கு நான்..." என்று தொடங்கினார். அந்தப் பேச்சை முழுதாகக் கேட்கும் தைரியம் எனக்கு இல்லை.

"மாமி, சொதிக்கு உப்புக் காணாது," என்றேன்.

மாமி உப்புப் போத்தலை எடுக்கப் போனார். உள்ளேயிருந்து அவர் அழும் சத்தம் கேட்டது. உப்பு வரவே இல்லை. நான் இரண்டாம் தரமும் சோறு வாங்கிச் சாப்பிட்டேன்.

புறப்படும்போது மச்சாள் பெட்டியை நிரப்பத் தொடங்கினாள். கருவாட்டுக்கு மேல் கருவாடு, அதன் மேல் பலகாரம், அதன் மேல் இன்னும் ஏதோ பொதி. நான் பெட்டியை வாங்கிப் பாயில் கொட்டி, இரண்டு கருவாட்டையும் பிரசாதத்தையும் மட்டும் திருப்பி வைத்தேன்.

"வழமையா வைக்கிறதை வையும். கூட வைச்சால் அம்மா பயந்துபோவா."

வள்ளத்தில் திரும்பும்போது நன்றாக அழுதேன். மூன்று வருடம் ஒரு கசெற்றில் என் பெயரைத் தேடியவள் அழத்தானே வேண்டும். எதிர்காற்று. அந்தப் பிள்ளை சொன்னது சரி. திரும்பி வருவதுதான் கூடத் தூரம்.

வீட்டில் ஐயா படலையடியில் நின்றார். எனக்குப் பின்னால் ஒருவரும் வரவில்லை என்று பார்த்துக்கொண்டார்.

"எங்கை அவன்?"

"அங்கை."

"கேட்டனியோ?"

"கேக்கேல்லை."

"ஏன்?"

"சாப்பிட்டன், ஐயா."

அம்மா என் கையிலிருந்த பெட்டியை வாங்கினார். மூடி இறுக்கமாகப் பூட்டியிருந்தது. திறந்து, இரண்டு கருவாட்டையும் பிரசாதத்தையும் பார்த்தார். வேறு ஒன்றும் இல்லை என்று கையை விட்டுத் தடவிப் பார்த்தார். பிறகு திருநீற்றை எடுத்து என் நெற்றியில் பூசிவிட்டு, கருவாட்டைக் குசினிக்குக் கொண்டுபோனார். ஐயா அங்கேயே நின்றார்.

"உனக்கு ஒண்டும் வரேல்லையே, பிள்ளை," என்றார்.

அத்தனை நாளில் அதை என்னிடம் நேராகச் சொன்ன முதல் ஆள் அவர்தான். ஊர் முழுவதும் நியாயம் பேசியது. இதை ஒருவரும் சொல்லவில்லை.

"ஓம் ஐயா," என்றேன். "வரேல்லை."

ஐயா அதற்குப் பிறகு பல நாள் அந்தக் கதையே எடுக்கவில்லை. கருவாட்டைப் பொரித்து வைத்தபோது தொடவும் இல்லை. அம்மா பெட்டியைக் கழுவி வேலியில் காயப்போட்டார். அது அங்கேயே கிடந்தது. போகிறவர் வருகிறவர்களிடம் கொடுத்துவிடவும் ஒருவரும் எடுக்கவில்லை.

ஒரு சனிக்கிழமை காலை பரீட்சைத் தாள் திருத்திக்கொண்டிருந்தேன். குசினிக்குள் சத்தம் கேட்டுப் போய்ப் பார்த்தால், ஐயா நிலத்தில் குந்தியிருந்து அந்தப் பெட்டிக்குள் முருங்கைக்காயை மடக்கி வைத்துக்கொண்டிருந்தார். பனாட்டு ஏற்கெனவே உள்ளே இருந்தது. அதற்கு மேல் ஒரு சின்னச் சட்டை, புதுச் சட்டை, குழந்தைக்கு. அதற்கும் மேல் ஒரு கிலுக்கு. பஸ்ஸுக்குப் போக வேட்டி மாற்றியிருந்தார். மூடியை ஒரு தரம் அழுத்தினார், இரண்டு தரம் அழுத்தினார். கடைக்காரக் கைகள் அவை. எதையும் எதற்குள்ளும் அடைத்துவிடும். இது அடங்கவில்லை.

நான் வாசலில் நிற்பது தெரிந்தும் அவர் நிமிர்ந்து பார்க்கவில்லை.

"மூடி பூட்டேல்லை," என்றார். "கயிறு ஒண்டு எடு, பிள்ளை."

நான் எடுத்துக் கொடுத்தேன்.